கரிசல் மண்ணுல ராக் கார்டன் போடறது எப்படி

கோவில்பட்டி பக்கம் ராக் கார்டன், அதாவது கல்லும் செடியும் சேர்த்து வைக்கிற தோட்டம், போடறவங்க முதல்ல ஒண்ண புரிஞ்சுக்கணும், வெயில் தாங்குற செடி வெயில்ல சாகறது கம்மி, ஐப்பசி கார்த்திகை மழைல வேர்ல தண்ணி நின்னு அழுகித்தான் போகும். எங்க வீட்டு அடினியம் (பாலைவன ரோஜா) அப்படித்தான் ஆச்சு, மேல இலை பச்சையா இருக்கு, அடித்தண்டை அமுக்குனா கனிஞ்ச பழம் மாதிரி விரல் உள்ள போகுது. நல்ல சதை தெரியுற வரைக்கும் கத்தியால சீவி எடுத்து, நிழல்ல ஒரு வாரம் காயவெச்சு திரும்ப நட்டேன், பொழச்சிருச்சு.

அதனால குழி தோண்டாதீங்க, மேடு போடுங்க. கரிசல்ல குழி வெட்டி மணல் ரொப்புனா சுத்தி இருக்குற மண்ணு தண்ணிய விடாது, அது தொட்டி மாதிரி ஆயிரும். மொதல்ல கோரைய கிழங்கோட பொறுக்கி எடுத்துடுங்க, அது மிச்சம் இருந்தா ஜல்லியையும் பொத்துக்கிட்டு வரும். அப்புறம் செம்மண் ரெண்டு பங்கு, செங்கல் உடைச்சதோ பேபி ஜல்லியோ (பொடி ஜல்லி) ரெண்டு பங்கு, மக்குன தொழு உரம் கொஞ்சமா கலந்து ஒன்றரை அடி உயரத்துக்கு மேடு கட்டுங்க. அடில பிளாஸ்டிக் ஷீட் வேண்டவே வேண்டாம்.

பெரிய கருங்கல்ல சும்மா மேல வெச்சா லாரில கொண்டுவந்து கொட்டுன மாதிரி இருக்கும், மூணுல ஒரு பங்கு மண்ணுக்குள்ள போகணும், அப்பத்தான் அங்கயே கெடந்த கல்லு மாதிரி தெரியும்.

செடிக்கு நர்சரில ரொம்ப தேட வேண்டாங்க. சோத்துக்கத்தாழை, பிரண்டை, திருகுகள்ளி, நித்தியகல்யாணி, ஆவாரை, அடினியம் போதும். திருகுகள்ளி பால் கண்ணுல பட்டா ரொம்ப ஆபத்து, குழந்தைங்க ஓடியாடற பக்கம் வைக்காதீங்க. அடினியத்தோட குண்டு அடித்தண்டு மண்ணுக்கு மேல நிக்கட்டும்.

நட்டு முடிச்சு ரெண்டு இஞ்ச் கனத்துக்கு அரை இஞ்ச் ஜல்லி பரப்புங்க, ஆனா கழுவிட்டு போடுங்க, கிரஷர் தூசியோட போட்டா மழைல இறுகி தண்ணி எறங்காது. வெள்ளை கூழாங்கல் எனக்கு பிடிக்காது, மத்தியானம் கண்ணு கூசும், ஒரே மழைல செம்மண் தெறிச்சு கறை ஆயிரும்.

கள்ளி கத்தாழையெல்லாம் மழை ஓய்ஞ்சு தை மாசம் நடுங்க, நாலஞ்சு நாள் கழிச்சு தண்ணி விடுங்க. ஆவாரைய மட்டும் புரட்டாசில விதையா நேரா போடணும், தோல் கெட்டி, உப்புத்தாள்ல லேசா தேய்ச்சு ராத்திரி ஊறவெச்சா சீக்கிரம் முளைக்கும்.