'கில்' என்றால் எப்போதும் கொலைதானா? சரியான அர்த்தத்தைப் பிடிக்கும் வழி

'கில்' என்ற ஆங்கில வினைச்சொல்லுக்கு நாம் முதலில் கற்றுக்கொள்ளும் அர்த்தம் 'கொல்'. தப்பில்லை. ஆனால் அந்த ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு படம் பார்த்தால், "ஹி கில்ட் இட்" என்று ஒருவர் கைதட்டிக்கொண்டே சொல்லும்போது முழிக்க வேண்டியிருக்கும். கீழே உள்ள வரிசையில் பார்த்தால் பெரும்பாலான இடங்களில் அகராதியைத் திறக்காமலே அர்த்தம் பிடிபடும்.

படி 1: அடுத்து வரும் சொல்லைப் பாருங்கள்

பாதி விடை செயப்படுபொருளிலேயே இருக்கிறது. 'கில்' என்பதற்கு அடுத்து உயிருள்ளது வந்தால் பெரும்பாலும் கொல்வது (விதிவிலக்கு படி 2இல்). உயிரில்லாதது வந்தால் பெரும்பாலும் நிறுத்துவது, அல்லது தீர்த்துக்கட்டுவது.

'கில் த லைட்ஸ்' என்றால் விளக்கை அணை. 'கில் தி என்ஜின்' என்றால் என்ஜினை நிறுத்து. 'கில் டைம்' என்றால் பொழுதை ஓட்டு. 'கில் த பாட்டில்' என்றால் மிச்சம் வைக்காமல் குடித்துத் தீர். சட்டமன்றச் செய்தியில் 'கில் த பில்' வந்தால், மசோதாவை நிறைவேற விடாமல் தடுப்பது. பத்திரிகை அலுவலகத்தில் 'கில் த ஸ்டோரி' என்றால் அந்தச் செய்தியைப் போடாதே என்று பொருள். எழுதச் சொல்லிக் கேட்டு வாங்கிய கட்டுரையைக் கடைசியில் வெளியிடாமல் விட்டால், எழுதியவருக்குக் கொடுக்கும் தொகைக்கு 'கில் ஃபீ' என்றே பெயர்.

யூனிக்ஸ், லினக்ஸ் கணினிகளிலும் 'கில்' என்ற கட்டளை உண்டு. பெயர்தான் பயங்கரம், உண்மையில் அது ஓடிக்கொண்டிருக்கும் நிரலுக்கு ஒரு சிக்னலை மட்டுமே அனுப்புகிறது. எண் எதுவும் கொடுக்காவிட்டால் போவது 15ஆம் சிக்னல், அதாவது 'நிறுத்திக்கொள்' என்ற வேண்டுகோள். 9 என்று கொடுத்தால்தான் அந்த நிரல் மறுக்க வழியே இல்லை.

படி 2: எழுவாய் யார், எது?

'மை ஃபீட் ஆர் கில்லிங் மீ' என்ற வாக்கியத்தில் எழுவாய் கால்கள். நம் பேச்சில் சொன்னால், "கால் வலி உயிர் போகுது". எழுவாய் வேடிக்கையாகப் பேசும் ஆளாக இருந்து 'ஹி கில்ஸ் மீ' என்று வந்தால், அவன் பேச்சைக் கேட்டுச் சிரித்து மாளவில்லை என்று அர்த்தம்.

புதிதாக மொழிபெயர்ப்பவர்கள் அதிகம் சறுக்கும் இடமும் இதுதான். 'ஷி வாஸ் கில்ட் இன் அன் ஆக்சிடென்ட்' என்பதை "விபத்தில் கொல்லப்பட்டார்" என்று எழுதிவிடுகிறார்கள். தமிழில் 'கொல்லப்பட்டார்' என்றதும் கொன்றவன் ஒருவன் இருக்கிறான் என்று தோன்றிவிடும். ஆங்கிலத்தில் விபத்து, வெள்ளம், நிலநடுக்கம் எல்லாவற்றுக்கும் இதே வினைதான். "விபத்தில் இறந்தார்" அல்லது "பலியானார்" என்று எழுதுங்கள். கொலை என்று திட்டமாகச் சொல்ல அவர்களிடம் 'மர்டர்' தனியாக இருக்கிறது.

படி 3: 'இட்' வந்தால் நிதானியுங்கள்

ஆடி, பாடி, பேசி முடித்தவரைப் பார்த்து 'யு கில்ட் இட்' என்றால் பாராட்டு. "பின்னிட்ட", "கொன்னுட்ட" என்று நாமும் சொல்வதுதான். இந்த ஓர் இடத்தில் இரண்டு மொழியும் ஒரே மாதிரி யோசிக்கின்றன. ஆனால் ஒரு திட்டத்தைப் பற்றிய கூட்டத்தில் மேலாளர் 'கில் இட்' என்றால் "கைவிடு". மேடை ஏறப் போகிறவரிடம் 'கோ கில் இட்' என்றால் "போய் அசத்து". அந்த 'இட்' முன்னால் பேசிய எதையாவது சுட்டுகிறதா என்று பாருங்கள். சுட்டினால் நிறுத்துவது, சும்மா ஒட்டிக்கொண்டிருந்தால் பாராட்டோ உற்சாகமோ. 'கில்ட் த மூட்' மட்டும் எப்போதும் வசவுதான்: இருந்த கலகலப்பைக் கெடுத்துவிட்டான்.

படி 4: அகராதியைக் கடைசி வரி வரை படியுங்கள்

மெரியம்-வெப்ஸ்டர் அர்த்தங்களை வரலாற்று வரிசையில் தருகிறது. பழையது மேலே இருக்கும். மாணவர்களுக்கான அகராதிகள் பொதுவாக அதிகம் புழங்குவதை முதலில் வைக்கும். எதுவானாலும் 1ஆம் எண்ணோடு மூடிவிட்டால் பேச்சு வழக்கு கண்ணில் படாது. 'இன்ஃபார்மல்', 'ஸ்லாங்' என்ற குறிப்புகள் இருக்கின்றனவா என்றும் பாருங்கள். 'கில் டூ பேர்ட்ஸ் வித் ஒன் ஸ்டோன்' போன்ற தொடர்கள் பதிவின் அடியில் தனியாக இருக்கும். அதைச் சொல்லுக்குச் சொல் பெயர்க்க வேண்டாம், நம்மிடம் ஒரே கல்லில் இரண்டு மாங்காய் இருக்கிறது.

படி 5: கொச்சை அகராதியைச் சந்தேகத்தோடு திறங்கள்

1999இல் தொடங்கிய அர்பன் டிக்‌ஷனரி என்ற இணைய அகராதியில் யார் வேண்டுமானாலும் எழுதலாம். புத்தம்புதுச் சொல்லும் கிடைக்கும், நாலு நண்பர்களின் கேலியும் கிடைக்கும். அங்கே பார்த்த அர்த்தத்தை, வெவ்வேறு ஆட்கள் எழுதிய மூன்று வாக்கியங்களிலாவது பொருத்திப் பார்த்த பிறகே நம்புங்கள். ஜோனதன் கிரீன் தொகுத்து 2010இல் மூன்று பெரிய தொகுதிகளாக வந்த கொச்சை அகராதி ஆண்டு வாரியாக மேற்கோள் தருகிறது. சந்தேகம் வந்தால் அதுவே மேல்.

படி 6: நீங்கள் பயன்படுத்தும்போது

பேச்சில் முகமும் குரலும் அர்த்தத்தைக் காப்பாற்றிவிடும். எழுத்தில் அந்தத் துணை கிடையாது. 'வுட் இட் கில் யு டு ஸ்மைல்?' என்பதை நண்பனிடம் சொன்னால் "கொஞ்சம் சிரிச்சா என்ன குறைஞ்சா போயிடுவ?" என்ற செல்லக் கோபம். அதையே அலுவலக மின்னஞ்சலில் எழுதினால் சண்டை. 'ஐ கில்ட் த மீட்டிங்' என்று எழுதினால் கூட்டத்தை ரத்து செய்தீர்களா, அதில் அசத்தினீர்களா என்று படிப்பவர் குழம்புவார். ரத்து என்றால் 'கேன்சல்ட்', நன்றாக நடந்தது என்றால் 'வென்ட் வெல்' என்று எழுதுங்கள்.