லிலியன் ஸ்மித்தைப் பற்றி எழுதும்போது சறுக்கும் இடங்கள்

முதலில் சின்னத் தவறு: கறுப்பின எழுத்தாளர் வரிசையில் இவரைச் சேர்த்துவிடுவது. அமெரிக்க நாவலாசிரியர் லிலியன் ஸ்மித் வெள்ளையர். 1897இல் ஃபுளோரிடாவின் ஜாஸ்பரில் வசதியான குடும்பத்தில் பிறந்து, ஜார்ஜியாவின் மலையூரான கிளேட்டனில் வாழ்ந்தவர். வெள்ளையர் வீடுகளின் உள்கதை தெரிந்தவர் என்பதால்தான் அவர் எழுத்து ஊருக்கு அவ்வளவு உறைத்தது.

அடுத்தது தலைப்பு. 1944இல் வந்த ‘ஸ்ட்ரேஞ்ச் ஃப்ரூட்’ நாவலுக்கும், ஜாஸ் பாடகி பில்லி ஹாலிடே 1939இல் பதிவுசெய்த பாட்டுக்கும் ஒரே பெயர். பாட்டில் மரத்தில் தொங்கும் ‘பழம்’ கும்பல் கொன்றுபோட்ட உடல். நாவலிலும் கும்பல் கொலை வருகிறது, சரி. ஆனால் நிறவெறி கோணலாக வளர்த்துவிட்ட மனிதர்களையே, கறுப்பர் வெள்ளையர் இரு தரப்பையும், தன் தலைப்பு குறிக்கிறது என்றார் ஸ்மித்.

‘கறுப்பர் வெள்ளையர் காதலைச் சொன்னதால் நாவலைத் தென் மாநிலங்கள் தடை செய்தன’ என்பதும் அரைகுறை. தடை போட்ட பாஸ்டன் இருப்பது வடக்கில். சொன்ன காரணம் ஆபாசம். நாவலைத் தபாலில் அனுப்பத் தபால் துறையும் மறுத்தது. எலினார் ரூஸ்வெல்ட் அதிபரான தன் கணவரிடம் பேசிய பிறகே வழி திறந்தது.

எனக்கு அதிகம் எரிச்சல் தருவது, இவரைச் சாதுவான நல்ல மனசுக்காரியாக்கிவிடுவது. ‘மெல்ல மாறட்டும்’ என்று தென் மாநில முற்போக்காளர்களே பம்மிய நாளில், இனப் பிரிவினை ஒழிய வேண்டும் என்று பட்டவர்த்தனமாக எழுதியவர் அவர். வெள்ளையர் வீட்டுப் பெண் பிள்ளைகளுக்காக நடத்திய கோடை முகாமிலும் இந்தப் பேச்சை அவர் மறைக்கவில்லை.

அப்புறம் அந்தக் கார். 1960 மே மாதம், புற்றுநோய் சிகிச்சையில் இருந்த ஸ்மித்தை எமரி மருத்துவமனைக்கு மார்ட்டின் லூதர் கிங் ஓட்டிச் சென்றார். கறுப்பர் ஓட்டும் காரில் வெள்ளைப் பெண்மணி! போலீஸ் மறித்தது. அட்லாண்டாவுக்குக் குடிவந்தும் கிங்கிடம் இருந்தது பழைய அலபாமா ஓட்டுநர் உரிமம். 25 டாலர் அபராதம், 12 மாத நன்னடத்தைக் கண்காணிப்பு. அக்டோபரில் உள்ளிருப்புப் போராட்டத்தில் கைதானபோது, அந்த நிபந்தனையை மீறினார் என்று சொல்லித்தான் நீதிபதி அவருக்கு 4 மாதச் சிறை விதித்தார். அதிபர் வேட்பாளர் ஜான் கென்னடி, கிங்கின் மனைவி கொரெட்டாவுக்குப் போன் செய்தது அப்போதுதான். அந்தப் போனைப் பற்றி எழுதுகிறவர்கள் காரில் இருந்த நோயாளியின் பெயரை விட்டுவிடுகிறார்கள்.