நடிகர் இறந்து பாதியில் நின்ற குறும்படம்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

எங்கள் குறும்படத்தில் தாத்தாவாக நடித்தவர் மாரடைப்பில் போய்விட்டார். மூன்று காட்சிகள் பாக்கி. அந்தப் பதற்றத்தில் நான் செய்த தவறுகளை இன்னொருவர் செய்ய வேண்டாம் என்றுதான் இதை எழுதுகிறேன்.

டிஸ்க்கில் இடமில்லை என்று என்.ஜி. டேக்குகளை, அதாவது சரியில்லை என்று ஒதுக்கியவற்றை, அழித்துவிட்டேன். இன்றைக்கும் ஆறாத வருத்தம் அது. 'கட்' சொன்ன பிறகும் கேமரா ஓடிய ஒரே ஒரு துண்டு தப்பியது. அதில் அவர் கண்ணாடியைக் கழற்றி, வேட்டி நுனியால் துடைத்து, வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டு மாட்டிக்கொள்கிறார். எடுக்காமல் விட்ட கடைசிக் காட்சியின் இடத்தில் இப்போது நிற்பது அந்தப் பன்னிரண்டு நொடிதான். செய்தி வந்த அன்றே எல்லாக் கார்டுகளையும் இரண்டு டிஸ்க்குகளில் நகலெடுத்து வையுங்கள். எதையும் ஃபார்மேட் செய்யாதீர்கள்.

ஸ்பாட்டில் பதிவான ஒலியையும் தூக்கிப் போடாதீர்கள். ஃபேன் இரைச்சல் இருந்தாலும் அது அவர் குரல். கன்னட நடிகர் புனித் ராஜ்குமார் மறைந்தபின் 2022இல் வந்த 'ஜேம்ஸ்' படத்துக்கு அண்ணன் சிவராஜ்குமார் குரல் கொடுத்தார். வீட்டு மனிதர் கொடுத்த குரல் அது. குடும்பத்தைக் கேட்காமல் ஏஐயில் குரல் செய்வது எனக்குச் சம்மதமில்லை.

அடுத்தது, இல்லாததை மறைக்கப் பார்ப்பது. ஒருவருக்கு அவருடைய சட்டையை மாட்டி முதுகைக் காட்டி ஒரு ஷாட் எடுத்தோம். தோள் சாய்வே வேறு. பார்த்த மாத்திரத்தில் தெரிந்தது. இந்தி நடிகர் ரிஷி கபூர் 2020இல் இறந்தபோது 'சர்மாஜி நம்கீன்' முடியவில்லை. மீதிக் காட்சிகளில் அதே பாத்திரமாகப் பரேஷ் ராவல் தன் முகத்தோடே நடித்தார். ஹாலிவுட் நடிகர் ரிவர் ஃபீனிக்ஸ் 1993இல், 23 வயதில் இறந்தபோது நின்றுபோன 'டார்க் பிளட்' 2012இல்தான் திரைக்கு வந்தது. எடுக்காத காட்சிகளை இயக்குநர் ஜார்ஜ் ஸ்லூய்சரே தன் குரலில் சொல்லிவிடுகிறார். குறும்படத்துக்கு இந்த வழி காசில்லாமல் முடியும். நாங்களும் அந்த முதுகு ஷாட்டைத் தூக்கிவிட்டு, ஒரு காட்சியைப் பேத்தியின் குரலில் சொல்ல வைத்தோம்.

இரங்கல் சூட்டோடு படத்தை வெளியிடவும் அவசரப்படாதீர்கள். குடும்பத்தின் சம்மதத்தை எழுத்தில் வாங்குங்கள். ஆனால் காரியம் முடியட்டும். மூன்றாம் நாளே அவர் மகளுக்கு வாட்ஸப்பில் ஒரு காட்சியை அனுப்பினேன். அப்பா கண்மூடிப் படுத்திருக்கும் காட்சி. நீல டிக் விழுந்தது, பதில் வரவில்லை. இரண்டு மாதம் கழித்து நேரில் போய், பக்கத்தில் உட்கார்ந்து முழுதாகப் போட்டுக் காட்டினேன். கண்ணாடி துடைக்கும் இடத்தை மட்டும் மறுபடி போடச் சொன்னார்.