கோத்தகிரியிலிருந்து ஒரு பராமரிப்பு மனு: பெற்றோருக்காக எங்கே, எப்படிக் கொடுப்பது?

கோத்தகிரியில் இருக்கும் எங்கள் பெரியம்மாவுக்கு 71 வயது. பெரியப்பா இறந்த மறுவருஷம் வீட்டையும் முக்கால் ஏக்கர் தேயிலையையும் மகன் பேருக்கு செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்தார். அதோடு இலைக்காசு அவர் கைக்கு வருவது நின்றது. போன ஆடியில், மழை விடாமல் பெய்த ஒரு காலை, மகன் வீட்டார் சமையல்கட்டைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். வெந்நீர் வைக்க அடுப்பில்லாமல் பக்கத்து வீட்டிலிருந்து எனக்குப் போன் செய்தார். அன்றிலிருந்து நாங்கள் செய்ததைச் சொல்கிறேன்.

அடிதடி, மிரட்டல் இருந்தால் மனு எழுத உட்காராதீர்கள். முதலில் 112. முதியோருக்கு 14567, பெண்களுக்கு 181. போலீசில் புகார் கொடுத்தால் புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் திரும்பாதீர்கள்.

மனு கொடுக்கும் இடம் கோட்டாட்சியர் அலுவலகம். 2007-ஆம் ஆண்டின் பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டப்படி நம் மாநிலத்தில் அவர்தான் தீர்ப்பாயம். நான் நேராக ஊட்டிக்குப் போய் ஒரு நாளை வீணாக்கினேன். கோத்தகிரி, குன்னூர் கோட்டத்தில் வருகிறது. பந்தலூர்க்காரர்கள் கூடலூருக்குப் போக வேண்டும். கொடைக்கானலுக்குத் தனிக் கோட்டாட்சியர் உண்டு, திண்டுக்கல் வரை இறங்க வேண்டாம்.

மனுவை வெள்ளைத்தாளில், பெற்றவர் பேசுகிற தமிழிலேயே எழுதுங்கள். டைப்பிங் சென்டரில் கிடைக்கும் அச்சு மனு எனக்குப் பிடிக்கவில்லை. சமையல்கட்டுப் பூட்டு அதில் ஒரு வரியில்கூட வராது. நாற்பது பக்க நோட்டு ஒன்றில் தேதி போட்டு நடந்ததைக் குறித்து வைப்பது, போனில் பதிவு செய்து வைப்பதைவிட எங்களுக்கு உதவியது. மாதம் எவ்வளவு வேண்டும், எதற்கு என்று கணக்கோடு கேளுங்கள். உச்சவரம்பு 10,000 ரூபாய். விசாரணை முடியும் வரை இடைக்காலப் பராமரிப்பும் சேர்த்தே கேளுங்கள். நோட்டீஸ் போன நாளிலிருந்து 90 நாளில் முடிக்க வேண்டும் என்பது சட்டம், மிஞ்சினால் இன்னும் 30. நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள்.

நாங்கள் தடுக்கி விழுந்தது பத்திரத்தில்தான். முதல் மனுவில் பராமரிப்புத் தொகை மட்டும் கேட்டோம், சொத்தைப் பற்றி ஒரு வார்த்தை எழுதவில்லை. எழுதிக் கொடுத்ததை ரத்து செய்ய 23-ஆம் பிரிவு இருக்கிறது. 60 வயது நிறைந்தவர், இந்தச் சட்டம் வந்த பிறகு, பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக் கொடுத்திருக்க வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் எடுத்து வரிவரியாகப் படித்தோம். “உன் பேரில் உள்ள அன்பையும் பிரியத்தையும் உத்தேசித்து” என்று இருந்தது. கடைசிவரை பார்த்துக்கொள்வது பற்றி ஒரு சொல் இல்லை.

அந்த நிபந்தனை இருந்ததை நிரூபிக்க வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஜனவரியில் அதே நீதிமன்றம், முதியோரைக் காக்கும் விதமாக இந்தச் சட்டத்தைத் தாராளமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்றது. சொத்தைத் திரும்ப ஒப்படைக்கச் சொல்லும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு உண்டு என்றும் சொன்னது. அன்பின் பேரில் எழுதிய பத்திரத்தில் அந்த நிபந்தனை மறைமுகமாக அடங்கியிருக்கலாம் என்று அதே ஆண்டு நம் உயர் நீதிமன்றமும் கூறியிருக்கிறது. ஆகவே கையெழுத்துப் போட்ட அன்று மகன் கொடுத்த வாக்கு, உடன் இருந்த சாட்சிகள், அதன் பிறகும் பெரியம்மா அதே வீட்டில் இருந்தது எல்லாவற்றையும் இரண்டாவது மனுவில் தேதியோடு எழுதினோம். உங்கள் பத்திரத்தில் அந்த வரி இல்லையென்றால் இந்தப் பகுதிக்கு ஒரு முழு நாளை ஒதுக்குங்கள். இனிமேல்தான் எழுதிக் கொடுக்கப் போகிறீர்கள் என்றால், அந்த வரி இல்லாமல் கையெழுத்தே போடாதீர்கள்.

மாதம் 6,000 ரூபாய் கொடுக்கவும் சமையல்கட்டைத் திறந்துவிடவும் உத்தரவு வந்துவிட்டது. பத்திர விஷயம் இன்னும் விசாரணையில் இருக்கிறது.

பின்சேர்க்கை: மருமகளையும் வெளியேற்றச் சொல்லலாமா என்று ஒரு அக்கா கேட்டிருந்தார். குடும்ப வன்முறைச் சட்டத்தில் மருமகளுக்கு உள்ள குடியிருப்பு உரிமையை இந்தச் சட்டத்தைக் காட்டித் தள்ளிவிட முடியாது என்பது 2020-இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. அதைக் கேட்கும் முன் 15100-இல் இலவச சட்ட உதவி மையத்தைக் கூப்பிட்டுப் பேசுங்கள்.

இன்னொருவர், உத்தரவு வந்தும் பணம் வரவில்லை என்று எழுதியிருந்தார். தொகை தர வேண்டிய நாளிலிருந்து 3 மாதத்துக்குள் அதே தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். பிள்ளைதானே என்று காத்திருந்து அந்தக் கெடுவைத் தாண்டவிட்டுவிடாதீர்கள்.