வலைப்பின்னல் தகவல் தரும் விண்டோஸ் டிஎல்எல் கோப்புகள்: புதியவர்களுக்கான செய்முறை விளக்கம்

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், பாலக்காட்டுச் சித்தூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் பள்ளியில் பழகும் கணினி பெரும்பாலும் லினக்ஸ் கணினிதான். கேரள அரசுப் பள்ளிகளின் கணினி அறைகளில் அதுதான் ஓடுகிறது. பிறகு டிப்ளமோ முடித்துக் கோயம்புத்தூருக்கோ பொள்ளாச்சிக்கோ வேலைக்குப் போனால், அலுவலக மேசைகளில் எல்லாம் விண்டோஸ். அங்கே முதல் வாரத்திலேயே யாராவது கூப்பிடுவார்கள்: "தம்பி, ஏதோ டிஎல்எல் காணவில்லை என்று வருகிறது, கொஞ்சம் பார்."

அந்தத் தம்பிக்கும் தங்கைக்கும்தான் இந்த விளக்கம். டிஎல்எல் என்பது பல நிரல்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்தும் செயல்பாடுகள் அடங்கிய கோப்பு. எல்லா டிஎல்எல் கோப்புகளையும் பற்றிப் பேசப்போவதில்லை. வலைப்பின்னலின் நிலையைக் கேட்டறியும் வேலைக்கு விண்டோஸ் வைத்திருக்கும் ஒரு சிறு குடும்பத்தை மட்டும் எடுத்துக்கொள்வோம். கட்டளைகளையும் கோப்புப் பெயர்களையும் தமிழ் எழுத்தில் தருகிறேன். விசைப்பலகையில் ஆங்கில எழுத்தில் தட்டுங்கள்.

படிகளுக்குள் போகும் முன் ஒரு வேண்டுகோள். காணாமல் போன டிஎல்எல்லின் பெயரை இணையத்தில் தேடினால், "இலவசமாகப் பதிவிறக்குங்கள்" என்று பல தளங்கள் வந்து நிற்கும். அவற்றில் எதையும் தொடாதீர்கள். அந்தக் கோப்பு எந்த விண்டோஸ் பதிப்பிலிருந்து எடுக்கப்பட்டது, நடுவில் யார் கைவைத்தார்கள் என்று அறிய வழியே இல்லை. கணக்கு, சம்பளம், வங்கி வேலை எல்லாம் நடக்கிற கணினியில் அப்படிப்பட்ட கோப்பை வைப்பது அடுத்தவர் பணத்தோடு விளையாடுவது.

முதல் படி: பெயர்களைத் தெரிந்துகொள்ளுங்கள்

வலைப்பின்னலில் உள்ள கருவியிடம் "நீ யார், எவ்வளவு நேரமாக ஓடுகிறாய், எத்தனை பைட் வந்தது, எத்தனை போனது" என்று கேட்பதற்கான பொதுவான நெறிமுறைக்கு எஸ்என்எம்பி என்று பெயர். 1988இல் வெளிவந்து, 1990இல் ஆர்எஃப்சி (இணைய நெறிமுறைகளை விளக்கும் ஆவண வரிசை) 1157 ஆகத் திருத்தம் பெற்றது. என்னென்ன கேட்கலாம் என்ற பட்டியல்தான் மிப். இன்று வரை எல்லாக் கருவிகளும் அடிப்படையாகக் கொள்ளும் மிப்-2 பட்டியல், 1991இல் ஆர்எஃப்சி 1213 ஆக வந்தது. அந்தப் பட்டியலில் ஒவ்வொரு தகவலுக்கும் புள்ளி வைத்துப் பிரித்த ஓர் எண் உண்டு. நிலத்துக்குச் சர்வே எண்ணும் உட்பிரிவு எண்ணும் இருப்பது போலத்தான்: 1.3.6.1.2.1.1.5.0 என்றால் கருவியின் பெயர். கடைசி 5ஐ 6 ஆக்கினால் அது இருக்கும் இடம்.

விண்டோஸில் இந்த வேலை பல கோப்புகளுக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டிருக்கிறது. கேள்வி கேட்கும் பக்கத்து நிரல்கள் பயன்படுத்துவது எம்ஜிஎம்டிஏபிஐ.டிஎல்எல், டபிள்யூஎஸ்என்எம்பி32.டிஎல்எல் இரண்டும். பதில் சொல்லும் பக்கத்தில் எஸ்என்எம்பி.எக்ஸ்இ என்ற சேவை உட்கார்ந்திருக்கிறது. கேள்வியை வாங்குவது அதுதான். ஆனால் பதிலைத் தன் துணைக் கோப்புகளிடமிருந்து பெறுகிறது. மிப்-2 தகவல்களுக்கு ஐநெட்மிப்1.டிஎல்எல், நினைவகம், வட்டு, ஓடும் நிரல்கள் போன்ற கணினித் தகவல்களுக்கு ஹோஸ்ட்மிப்.டிஎல்எல், விண்டோஸ் பயனர்கள், பகிர்வுகள் பற்றிய தகவல்களுக்கு எல்எம்மிப்2.டிஎல்எல். இரு பக்கத்துக்கும் பொதுவான சில்லறை வேலைகளைச் செய்வது எஸ்என்எம்பிஏபிஐ.டிஎல்எல்.

இவற்றுக்கு வெளியே, தினமும் நீங்கள் அறியாமலேயே பயன்படுத்தும் ஒன்று இருக்கிறது: ஐபிஎச்எல்பிஏபிஐ.டிஎல்எல். ஐபி ஹெல்பர் என்று ஆவணங்களில் அழைப்பார்கள். எஸ்என்எம்பி நிறுவாத கணினியிலும் இது இருக்கும். ஐபிகான்ஃபிக், நெட்ஸ்டாட் கட்டளைகள் தரும் விவரங்கள் இதன் வழியாகத்தான் வருகின்றன. கட்டளைச் சாளரத்தில் (கமாண்ட் ப்ராம்ப்ட்) நெட்ஸ்டாட், இடைவெளி, கழித்தல் குறி, இ என்று தட்டிப் பாருங்கள். வந்த பைட், போன பைட் என இரண்டு எண்கள் முதல் வரியிலேயே தெரியும். கொஞ்ச நேரம் ஏதாவது காணொளி பார்த்துவிட்டு மறுபடி தட்டினால் வந்த பைட் எகிறியிருக்கும். மிப் என்றால் என்ன என்பதற்கு இதைவிட எளிய செய்முறை எனக்குத் தெரியாது.

இரண்டாம் படி: கோப்பு எங்கே இருக்கிறது என்று பாருங்கள்

சி டிரைவில் விண்டோஸ் கோப்புறைக்குள் சிஸ்டம்32 என்ற கோப்புறையைத் திறங்கள். 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் இருப்பது இங்கேதான். 32 பிட் நிரல்களுக்கான பிரதிகள் பக்கத்தில் உள்ள சிஸ்வாவ்64 கோப்புறையில் இருக்கும். பெயரைப் பார்த்தால் தலைகீழாகத் தோன்றும், ஆனால் அப்படித்தான் வைத்திருக்கிறார்கள். பழைய கணக்கு மென்பொருள் 32 பிட்டாக இருந்து, அதன் கையில் 64 பிட் டிஎல்எல் கிடைத்தால், சி000007பி என்று முடியும் பிழை எண் வரும். கண்ட இடத்திலிருந்து கோப்பை நகலெடுத்து வைத்தவர்களின் கணினியில் இந்தப் பிழை வருவது சகஜம்.

எஸ்என்எம்பி நிறுவப்படாத கணினியில் ஹோஸ்ட்மிப் போன்ற துணைக் கோப்புகள் இல்லாமல் இருக்கலாம். அது பழுதல்ல, அந்தப் பகுதியே அங்கே இல்லை, அவ்வளவுதான்.

மாறாக, ஐபிஎச்எல்பிஏபிஐ.டிஎல்எல் என்ற பெயரில் ஒரு கோப்பு ஏதோ ஒரு மென்பொருளின் சொந்தக் கோப்புறையிலோ பதிவிறக்கக் கோப்புறையிலோ கிடந்தால் எச்சரிக்கையாகுங்கள். ஒரு நிரல் டிஎல்எல்லைத் தேடும்போது பொதுவாகத் தன் கோப்புறையில்தான் முதலில் பார்க்கும். சிஸ்டம்32க்கு அதற்குப் பிறகே போகும். தீங்கு செய்பவர்கள் இந்த வரிசையைத்தான் பயன்படுத்திக்கொள்கிறார்கள். அந்தக் கோப்பை இயக்கிப் பார்க்காமல், வைரஸ் தடுப்பு நிரலைக் கொண்டு சோதியுங்கள்.

மூன்றாம் படி: யார் பயன்படுத்துகிறார் என்று கேளுங்கள்

கட்டளைச் சாளரத்தில் டாஸ்க்லிஸ்ட், இடைவெளி, சாய்கோடு, எம், இடைவெளி, பிறகு கோப்பின் முழுப் பெயர். அந்த டிஎல்எல்லை இந்த நொடியில் ஏற்றி வைத்திருக்கும் நிரல்கள் எல்லாம் வரிசையாக வரும். ஐபி ஹெல்பருக்குப் பட்டியல் நீளமாக இருப்பது இயல்பு. எம்ஜிஎம்டிஏபிஐக்கு ஒன்றுமே வராமல் இருப்பதும் இயல்பு.

நான்காம் படி: சேதமடைந்திருந்தால் விண்டோஸே சரிசெய்யட்டும்

கட்டளைச் சாளரத்தை நிர்வாகி அனுமதியோடு திறங்கள். முதலில் டிஐஎஸ்எம் கட்டளை: டிஐஎஸ்எம், இடைவெளி, சாய்கோடு ஆன்லைன், இடைவெளி, சாய்கோடு கிளீனப்-இமேஜ், இடைவெளி, சாய்கோடு ரீஸ்டோர்ஹெல்த். விண்டோஸ் தன்னிடம் வைத்திருக்கும் மூலப் பிரதிகளை இது சரிபார்த்து, தேவையானதை விண்டோஸ் அப்டேட் வழியாகக் கொண்டுவரும். எனவே இணைய இணைப்பு வேண்டும். சதவீதம் ஓரிடத்தில் நின்றுவிட்டது போலத் தெரிந்தாலும் சாளரத்தை மூடாதீர்கள்.

அது முடிந்ததும் எஸ்எஃப்சி, இடைவெளி, சாய்கோடு, ஸ்கேன்நவ். நல்ல மூலப் பிரதியிலிருந்து சேதமான கோப்பை இது மாற்றி வைக்கும். மூலமே கெட்டிருந்தால் எஸ்எஃப்சியால் ஒன்றும் செய்ய முடியாது. அதனால்தான் இந்த வரிசை. மழைக்காலத்தில் மின்சாரம் வந்து வந்து போகும் ஊர்களில் இந்த இரண்டு கட்டளைகளையும் மனப்பாடமாக வைத்திருப்பது நல்லது.

இதற்குப் பிறகும் ஒரே ஒரு மென்பொருள் மட்டும் டிஎல்எல் இல்லை என்று சொன்னால், அந்த மென்பொருளை நீக்கி மறுபடி நிறுவுங்கள். விண்டோஸ் மீது பழி போட வேண்டாம்.

ஐந்தாம் படி: எஸ்என்எம்பி சேவையை நிறுவி, பூட்டுங்கள்

எல்லோருக்கும் இது தேவையில்லை. பல கணினிகளை ஓரிடத்திலிருந்து கண்காணிக்கச் சொன்னால் மட்டும் நிறுவுங்கள். விண்டோஸ் சர்வர் 2012 முதலே மைக்ரோசாஃப்ட் இதைக் கைவிடப்போகும் பகுதிகளின் பட்டியலில் சேர்த்துவிட்டது. ஆனாலும் பிரிண்டர், ஸ்விட்ச், யுபிஎஸ் எல்லாம் இன்னும் எஸ்என்எம்பிதான் பேசுகின்றன; எனவே கற்றது வீண் போகாது.

செட்டிங்ஸ் திறந்து, மேலே உள்ள தேடல் பெட்டியில் ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ் என்று தேடுங்கள். அங்கே புதிய பகுதியைச் சேர்க்கும் இடத்தில் சிம்பிள் நெட்வொர்க் மேனேஜ்மென்ட் புரோட்டோகால் என்பதைத் தேர்ந்து நிறுவுங்கள். பிறகு சர்வீசஸ் பட்டியலில் எஸ்என்எம்பி சர்வீஸ் என்பதை இரட்டைச் சொடுக்குச் செய்யுங்கள்.

ஏஜென்ட் தாவலில் தொடர்பு, இடம் என இரண்டு பெட்டிகள். இடம் என்ற பெட்டியில், ஆங்கில எழுத்தில், "கொழிஞ்சாம்பாறை, மாடி அறை" என்பது போல எழுதுங்கள். காலியாக விடாதீர்கள், பத்துக் கணினி பதில் சொல்லும்போது எது எங்கே இருக்கிறது என்று காட்டப்போவது இந்த வரிதான். கீழே ஐந்து தேர்வுப் பெட்டிகள் இருக்கும். அப்ளிகேஷன்ஸ், இன்டர்நெட், எண்ட்-டு-எண்ட் மூன்றும் தேர்வாகியிருந்தால் அவற்றுக்குரிய 64, 4, 8 என்ற எண்களைக் கூட்டி, 1.3.6.1.2.1.1.7.0 என்ற எண்ணுக்குக் கணினி 76 என்று பதில் சொல்லும். நீங்கள் டிக் செய்ததும் வலைப்பின்னலில் வரும் எண்ணும் நேராகப் பொருந்துவதை ஒருமுறை கண்ணால் பார்த்துவிட்டால், மிப் மீதான பயம் போய்விடும்.

அடுத்து செக்யூரிட்டி தாவல். இங்கேதான் உங்கள் முழுக் கவனமும் வேண்டும். கம்யூனிட்டி பெயர் என்பது கடவுச்சொல் போன்றது. பலரும் பப்ளிக் என்றே வைத்துவிடுகிறார்கள். அது கதவைத் திறந்து போட்டுவிட்டுப் போவதற்குச் சமம். யூகிக்க முடியாத பெயர் வையுங்கள். உரிமை ரீட் ஒன்லி மட்டும். எந்தக் கணினியிலிருந்து கேள்வி வரலாம் என்ற பட்டியலில் கண்காணிக்கும் கணினியின் ஐபி முகவரியை மட்டும் சேருங்கள். விண்டோஸின் இந்தச் சேவைக்கு எஸ்என்எம்பி பதிப்பு 1, 2சி மட்டுமே தெரியும். இரண்டிலும் கம்யூனிட்டி பெயர் மறையாக்கம் இல்லாமல் அப்படியே கம்பியில் போகிறது. எனவே அலுவலக வலைப்பின்னலுக்கு வெளியே இதை விடவே கூடாது.

ஆறாம் படி: கேள்வி கேட்டுப் பாருங்கள்

பள்ளியில் பழகிய லினக்ஸ் இங்கே கைகொடுக்கும். உபுண்டுவில் எஸ்என்எம்பி என்ற தொகுப்பை நிறுவி, எஸ்என்எம்பிவாக் கட்டளையை இப்படி அமையுங்கள்: எஸ்என்எம்பிவாக், கழித்தல் வி2சி, கழித்தல் சி, கம்யூனிட்டி பெயர், விண்டோஸ் கணினியின் ஐபி, கடைசியில் 1.3.6.1.2.1.1. இவற்றுக்கிடையே இடைவெளி விட மறக்காதீர்கள். கணினியின் விவரம், பெயர், நீங்கள் எழுதிய இடம் எல்லாம் வரிவரியாக வரும்.

டைம்அவுட் என்று வந்தால் பதற வேண்டாம். கம்யூனிட்டி பெயர் தவறாக இருந்தாலும் எஸ்என்எம்பி "தவறு" என்று சொல்லாது, மௌனமாக இருந்துவிடும். எனவே எது காரணம் என்று நாம்தான் பிரித்தறிய வேண்டும். சேவை ஓடுகிறதா? அனுமதிப் பட்டியலில் உங்கள் லினக்ஸ் கணினியின் முகவரி இருக்கிறதா? கம்யூனிட்டி பெயரில் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் சரியா? ஃபயர்வாலில், எஸ்என்எம்பி கேள்விகள் வரும் வாசலான யுடிபி 161க்கு உள்வரும் அனுமதி உண்டா? இதே வரிசையில் பாருங்கள்.

பதில்களைப் படிக்கும்போது இரண்டு இடங்களில் புதியவர்கள் தடுமாறுவார்கள். அப்டைம் (ஓடிய நேரம்) எண் நொடியில் இல்லை, நொடியின் நூறில் ஒரு பங்கில் இருக்கிறது. எஸ்என்எம்பி சேவை தொடங்கியதிலிருந்துதான் அது எண்ணுகிறது. கணினி ஓடும் நேரம் வேண்டுமானால் 1.3.6.1.2.1.25.1.1.0 என்று கேளுங்கள். அதற்குப் பதில் தருவது ஹோஸ்ட்மிப். இன்னொன்று பைட் எண்ணிக்கை. 1.3.6.1.2.1.2.2.1.10இன் கீழ் வரும் எண் 32 பிட் எண். 4,294,967,295ஐத் தொட்டதும் மறுபடி 0விலிருந்து தொடங்கிவிடும். முழு வேகத்தில் ஓடும் 100 மெகாபிட் இணைப்பில் இது ஆறு நிமிடத்துக்குள் நடந்துவிடும். ஒரு கிகாபிட் இணைப்பில் ஏறத்தாழ 34 நொடி. பத்து நிமிடத்துக்கு ஒருமுறை எண்ணை எடுத்துக் கழித்துப் பார்ப்பவருக்குக் கிடைக்கும் கணக்கு முழுக்கப் பொய்யாகிவிடும்.

வேகமான இணைப்புகளை அளக்கும் நிரலை நீங்களே எழுதுவதாக இருந்தால், ஐபி ஹெல்பரின் பழைய கெட்ஐஎஃப்டேபிள் செயல்பாட்டை விட்டுவிட்டு, விண்டோஸ் விஸ்டாவில் வந்த கெட்ஐஎஃப்டேபிள்2ஐப் பயன்படுத்துங்கள். அதில் எண்ணிக்கை 64 பிட். சோதனை முடிந்து கண்காணிப்பு தேவையில்லை என்றால், சர்வீசஸ் பட்டியலுக்குத் திரும்பி எஸ்என்எம்பி சேவையை நிறுத்தி, அதன் ஸ்டார்ட்அப் வகையை டிசேபிள்ட் என்று மாற்றிவிட்டு எழுந்திருங்கள்.