ஜெலட்டின் வேறு, அகார்-அகார் வேறு

போன தீபாவளிக்கு முந்தின ராத்திரி 11 மணிக்கு அண்ணன் மகள் வாட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பினாள். கண்ணாடித் தட்டில் அடுக்கு ஜெல்லி: அடியில் வெள்ளை, நடுவில் ஆரஞ்சு, மேலே மஞ்சள் தண்ணீர். தண்ணீரில் அன்னாசித் துண்டுகள் நீந்திக்கொண்டிருந்தன. "அத்தை, ஆறு மணி நேரமா ஐஸ்பெட்டியில இருக்கு, இறுகவே மாட்டேங்குது. இன்னொரு பாக்கெட் ஜெலட்டின் போடட்டுமா?"

நாளைக்கு ஓபன் ஹவுஸ், பண்டிகை விருந்துக்கு நாற்பது பேர் வருவார்கள். எனக்குச் சிரிப்பும் வந்தது, வயிற்றெரிச்சலும் வந்தது. இதே தட்டு, இதே மஞ்சள் தண்ணீர், இதே கேள்வி. கோலாலம்பூர் செந்தூலில் வீட்டில் இருந்தபடி ஆர்டர் எடுக்க ஆரம்பித்த புதிதில் நான் செய்த அதே காரியம்.

தட்டை ஈரமாக்க மறப்பது, இனிப்பு கூடிப்போவது போன்றவற்றை இங்கே எழுதப் போவதில்லை. ஒரு தடவை செய்தால் யாருக்கும் புரிந்துவிடும். நம் ஊர்க்காரர்களுக்கே உரிய தவறு ஒன்று இருக்கிறது. நாம் எல்லோரும் அகார்-அகார் தின்று வளர்ந்தவர்கள். பினாங்குப் பக்கம் நம் முஸ்லிம் வீடுகளில் கடல்பாசி என்பார்கள், பொருள் ஒன்றுதான். அம்மா கயிறு கயிறாக இருப்பதை ஊறவைத்துக் காய்ச்சி, பாண்டான் இலை முடிந்து போட்டு, தேங்காய்ப்பால் ஊற்றி, மேசையிலேயே ஆற வைத்துவிடுவார். அந்தக் கைப்பழக்கத்தோடு ஜெலட்டின் பாக்கெட்டைப் பிரிக்கிறோம். கஷ்டகாலம் அங்கே ஆரம்பம்.

பச்சை அன்னாசி

என் கதையைச் சொல்லிவிடுகிறேன். கிள்ளானில் ஒரு நிச்சயதார்த்தம், 80 பேருக்கு ஆறு தட்டு. கண்ணாடி மாதிரி பளபளவென்று, தொட்டால் ஆடுகிற மாதிரி வேண்டும் என்றார்கள். அகார்-அகார் அப்படி ஆடாது, வெட்டினால் முறியும். ஆகவே ஜெலட்டின். அடியில் பால், நடுவில் ஆரஞ்சு, மேலே அன்னாசி. தகர டப்பா அன்னாசி போடக் கௌரவம் இடம் கொடுக்கவில்லை. சௌகிட் பசாருக்குப் போய் நல்ல மணமாய்ப் பார்த்து வாங்கி வந்து, கண் எடுத்து, உப்புத் தண்ணீரில் அலசி, சின்னச் சின்னதாய் நறுக்கினேன்.

விடியற்காலை ஆறு மணிக்குத் திறந்து பார்த்தால் கீழ் இரண்டு அடுக்கும் கல் மாதிரி. மேல் அடுக்கு ரசம்.

ஜெலட்டின் பத்தவில்லை என்று நினைத்தேன். மேலே இருந்ததை வடித்து, இளம்சூடாக்கி, இரண்டு பங்கு ஜெலட்டின் கலந்து திரும்ப ஊற்றினேன். ஒன்பது மணிக்கும் ரசம்தான். ஐஸ்பெட்டியின் குளிரைக் கூட்டினேன். பத்தரைக்குக் கரண்டியை விட்டுப் பார்த்தபோது நடு அடுக்கின் மேற்பரப்பும் கொழகொழத்திருந்தது. அதையும் தின்ன ஆரம்பித்துவிட்டது. அன்றைக்கு 300 வெள்ளி (ரிங்கிட்) ஆர்டர் போனது, சாமான் காசு போனது. அந்த வீட்டுப் பெரியம்மா, "பரவால்லம்மா, ஐஸ் போட்டு ஜூஸா குடுத்துடலாம்" என்று ஆறுதல் சொன்னார். அந்த ஆறுதல்தான் இன்னும் உறுத்துகிறது.

காரணம் நம் சமையலறையிலேயே இருக்கிறது. முற்றின ஆட்டுக்கறி வேகாவிட்டால் பப்பாளிக்காய்த் துண்டு ஒன்று போடுவோம் இல்லையா? பப்பாளியில் இருக்கிற பப்பேன் என்ற நொதி இறைச்சியின் புரதத்தை வெட்டி மெதுவாக்குகிறது. அன்னாசியில் இருப்பது புரோமலைன், அதற்கும் அதே வேலை. நிறைய அன்னாசி தின்றால் நாக்கு எரிகிறதே, அதில் இதற்கும் பங்குண்டு. ஜெலட்டின் என்பது மாடு, பன்றி, மீன் இவற்றின் தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் எடுக்கிற புரதம். கறியை மெதுவாக்குகிற சாமானை ஜெலட்டின்மேல் ஊற்றிவிட்டு இறுகவில்லையே என்று விடிய விடியக் காத்திருந்திருக்கிறேன்! கிவி, அத்தி, பச்சை இஞ்சிச் சாறு எல்லாம் இதே கூட்டம்.

அகார்-அகார் கடல்பாசியிலிருந்து வருவது. அது ஒரு வகை மாவுச்சத்து மாதிரி, புரதமே இல்லை. அன்னாசியின் நொதிக்கு அதில் கடிக்க ஒன்றும் கிடையாது. அம்மாவின் தட்டில் பச்சை அன்னாசி காலம் காலமாக ஒழுங்காக இருந்தது அதனால்தான். நாமும் அதே தைரியத்தில் போடுகிறோம்.

இதைத் தெரிந்துகொண்டபின் ஒரு பழைய சங்கதியும் கண்ணில் பட்டது. 1881-ல் ஜெர்மனியில் வால்தர் ஹெஸ்ஸ என்ற மருத்துவர் ஜெலட்டின்மேல் கிருமி வளர்த்துப் பார்த்துக்கொண்டிருந்தார். கோடை வெயிலில் ஜெலட்டின் உருகியது, உருகாததைக் கிருமிகள் கரைத்தன. மனைவி ஃபானி செய்கிற ஜெல்லி மட்டும் அந்த வெயிலிலும் இறுகி நின்றது. கேட்டால், அகார்-அகார். சின்ன வயதில் நியூயார்க்கில் இருந்தபோது, ஜாவாவில் வாழ்ந்துவிட்டு வந்த பக்கத்து வீட்டாரிடம் கற்றுக்கொண்டதாம். விஷயம் கிருமி ஆராய்ச்சியாளர் ராபர்ட் கோஹ் வரைக்கும் போய், இன்றைக்கும் ஆய்வுக்கூடத் தட்டில் இருப்பது அகார்தான். வெயிலும் நொதியும் ஜெலட்டினுக்கு ஆகாது என்று அந்த அம்மாள் வீட்டில் தெரிந்திருக்கிறது. எனக்குத் தெரிய ஆறு தட்டு வீணாக வேண்டியிருந்தது.

எரிச்சல் என்னவென்றால், இன்றைக்கும் யாரிடம் கேட்டாலும் "இன்னும் கொஞ்சம் ஜெலட்டின் போடு" என்பதுதான் முதல் பதில். போடாதீர்கள். நொதி உயிரோடு இருக்கும்வரை நீங்கள் போடுவதெல்லாம் அதற்குத் தீனி. உப்புத் தண்ணீரில் ஊறவைத்தாலும் போகாது. ஃப்ரீசரில் வைத்த அன்னாசியிலும் அது சாவதில்லை. விலை உயர்ந்த எம்டி2 ரகம் வாங்கினாலும் அதே கதைதான். சூடு ஒன்றுக்குத்தான் அடங்கும். பழத்தைச் சாறோடு ஐந்து நிமிடம் நன்றாகக் கொதிக்க விட்டு, ஆறியபின் சேருங்கள். தகர டப்பா அன்னாசி ஏற்கெனவே வெந்தது, தாராளமாகப் போடலாம். பப்பாளியின் நொதி சூட்டை அதிகம் தாங்கும், அதை நான் ஜெலட்டினில் சேர்ப்பதே இல்லை. வேறு ஏதாவது பழத்தில் சந்தேகம் இருந்தால், இறுகின ஜெலட்டின் ஒரு கரண்டி எடுத்து அதன்மேல் பழத்துண்டை வைத்து, ராத்திரி முழுக்க ஐஸ்பெட்டியில் விடுங்கள். காலையில் துண்டுக்கு அடியில் குழி விழுந்திருந்தால் அந்தப் பழம் வேண்டாம்.

அண்ணன் மகளுக்கு அந்த ராத்திரி சொன்னது இதுதான். மேல் அடுக்கை மொத்தமாக வடி, பழத்தோடு சேர்த்துக் கொதிக்க வை, கைபொறுக்கும் சூட்டுக்கு வந்ததும் புது ஜெலட்டினை ஊறவைத்துக் கரைத்துக் கலக்கு. பழைய ஜெலட்டின் செத்தது செத்ததுதான், அதைக் கணக்கில் எடுக்காதே. நடு அடுக்கின் மேற்பரப்பைக் கரண்டியால் மெலிசாக வழித்து, ஈரத்தை ஒற்றியெடுத்துவிட்டு ஊற்று.

அடுக்கு வழுக்கி ஓடுவது

இங்கேயும் இரண்டுக்கும் நேர் எதிரான பழக்கம் வேண்டும்.

அகார்-அகார் 35, 40 டிகிரிக்கு வந்தாலே இறுகிவிடும். கீழ் அடுக்கு ஏடு கட்டியிருக்க வேண்டும், ஆனால் உள்ளே சூடு இருக்க வேண்டும். விரல் நுனியால் தொட்டால் லேசாக ஒட்டும், குழி விழாது. அந்த நேரத்தில் மேல் அடுக்கைச் சூடாகவே, கரண்டியின் முதுகில் வழியவிட்டு ஊற்றுங்கள். போனில் பேசிக்கொண்டிருந்துவிட்டுக் கீழ் அடுக்கு ஜில்லென்று ஆகிவிட்டால், வெட்டும்போது மேல்பாதி கையோடு கழன்று வரும். அப்படி ஆறிப்போனதென்றால் மேலே கசிந்திருக்கும் தண்ணீரைத் துணியால் ஒற்றி, முள்கரண்டியால் கீறிவிட்டு ஊற்றலாம். பாதி காப்பாற்றலாம்.

ஜெலட்டினுக்குக் கீழ் அடுக்கு ஐஸ்பெட்டியில் நன்றாக இறுகியே இருக்க வேண்டும். மேலே ஊற்றுவது ஆறி, எண்ணெய் மாதிரிக் கெட்டிப்பட ஆரம்பித்திருக்க வேண்டும். அகார் நினைப்பில் சூடாக ஊற்றினால் வெள்ளையும் சிவப்பும் கலந்து ரோஜாப்பூ நிறத்தில் ஒரே அடுக்கு கிடைக்கும்.

கொதிக்க விடுவது

அகார்-அகாரைக் கொதிக்க விட வேண்டும், தூள் முழுக்கக் கரைந்தபின்தான் சர்க்கரை. முதலிலேயே சர்க்கரை கொட்டினால் சரியாகக் கரையாது. நான் 10 கிராம் தூளுக்கு ஒரு லிட்டர் வைப்பேன். எலுமிச்சை, அன்னாசிச் சாறு போன்ற புளிப்பை அடுப்பை அணைத்தபின் சேருங்கள். புளிப்போடு சேர்ந்து கொதித்தால் அகாரின் பிடி தளர்ந்துவிடும்.

ஜெலட்டினைக் கொதிக்கவே விடாதீர்கள். பச்சைத் தண்ணீரில் ஊறட்டும், பிறகு வெந்நீரில் கரையட்டும். அடுக்குத் தட்டுக்கு 500 மில்லிக்கு 10 கிராம்.

தேங்காய்ப்பால்

கொதிக்கும் அகாரில் ஊற்றிவிட்டு அப்படியே தட்டில் கொட்டினால் பால் மேலே, தண்ணீர் கீழே என்று தானாகப் பிரிந்துகொள்ளும். சிலர் வேண்டுமென்றே அப்படிச் செய்கிறார்கள், அழகாகத்தான் இருக்கும். ஒரே வெள்ளையாக வேண்டுமென்றால் சூடு தணியும்வரை கிண்டிக்கொண்டே இருங்கள். கை வலிக்கும்.

வெயில்

மத்தியானம் 33 டிகிரி. ஜெலட்டின் 30-ஐத் தாண்டினாலே கண்ணீர் விடும். கார் போர்ச்சில் கூடாரம் போட்டு விருந்து வைப்பவர்கள் அகார்-அகாருக்கே திரும்பிவிடுங்கள். அது ஒரு தடவை இறுகினால் 85 டிகிரி வரை அசையாது.

சிவப்பு டிராகன் பழம்

சாயம் மற்ற அடுக்குகளிலும் இறங்கிவிடும். தனித் தட்டில்.

கேட்காமல் பரிமாறுவது

ஹலால் முத்திரை இருந்தால் பன்றி இல்லை என்று தெரியும், மாடு இல்லை என்று அர்த்தமில்லை. நம் வீடுகளில் மாடு சாப்பிடாதவர்களும் சுத்த சைவமும் ஒரே மேசையில் உட்காருகிறார்கள். பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படியுங்கள். மாட்டு ஜெலட்டின் என்றால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். தின்றபின் சொல்வது பாவம்.

மிச்சத்தை ஃப்ரீசரில் வைப்பது

அகார்-அகார் உறைந்து உருகினால் தண்ணீரெல்லாம் கழன்று பஞ்சு மாதிரி ஆகிவிடும். கடையில் வாங்குகிற அந்தக் கயிறு அகாரையே அப்படி உறையவைத்து, உருகவிட்டு, காயவைத்துத்தான் செய்வார்கள். திரும்பவும் அகாராக்க ஆசையிருந்தால் வைக்கலாம்.

அண்ணன் மகளின் தட்டு மறுநாள் பத்து மணிக்கு இறுகிவிட்டது. "அத்தை, நெறைய பேரு ரெசிப்பி கேட்டாங்க" என்று சாயங்காலம் போன் செய்தாள். அன்னாசியைக் கொதிக்க வைக்கச் சொன்னாயா என்றேன். மறந்துவிட்டாளாம்.