டீமேயா பாபோஷ் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆண்டைப் பிசகுவது, ஊரின் பெயரைத் தப்பாக எழுதுவது போன்றவற்றைப் பற்றி இங்கே பேசப் போவதில்லை. அவை பார்த்தவுடன் கண்ணில் படும். டென்னிஸின் கணக்கு முறை தெரியாமல் எழுதப்படும் வாக்கியம்தான் ஆபத்தானது. படிக்கச் சரியாக இருக்கும், ஆனால் முழுக்கத் தவறாக இருக்கும். இத்துறையில் நாள்பட எழுதியவர்கள் எல்லோரும் ஒரு காலத்தில் செய்தவைதான் இவை. ஹங்கேரியின் டென்னிஸ் வீராங்கனை டீமேயா பாபோஷின் ஆட்ட வாழ்க்கையில் இவை அத்தனைக்கும் இடம் இருக்கிறது.

"உலகின் முதல்நிலை ஜோடி"

"2018-இல் பாபோஷ் – மிலாடெனோவிச் ஜோடி உலகத் தரவரிசையில் முதலிடம் பிடித்தது." எத்தனை முறை திருத்தினாலும் அடுத்த கட்டுரையில் மறுபடி முளைக்கிற வாக்கியம் இது. இன்றும் எரிச்சலூட்டுகிறது.

இரட்டையர் உலகத் தரவரிசையில் ஜோடிக்கு இடமே கிடையாது. புள்ளிகள் ஆளுக்கு ஆள் தனிக் கணக்கு. 2018-இல் இருந்த விதிப்படி, கடந்த 52 வாரங்களில் ஒரு வீராங்கனை யாரோடு சேர்ந்து ஆடியிருந்தாலும், அவருடைய சிறந்த 11 போட்டிகளின் புள்ளிகள் அவர் பெயரில் கூட்டப்படும். கிராண்ட்ஸ்லாம் இரட்டையர் பட்டத்துக்கு 2000 புள்ளி என்றால், அது இருவருக்கும் தலா 2000. பாதிப் பாதியாகப் பிரிவதில்லை. ஆண்டிறுதிப் போட்டிக்குத் தகுதி பெறும் 'ரேஸ்' பட்டியலில் மட்டுமே ஜோடியை ஒரு அலகாகக் கணக்கிடுகிறார்கள். குழப்பம் அங்கிருந்துதான் கிளம்புகிறது.

நடந்தது இதுதான். 2017 அக்டோபரில் சிங்கப்பூரில் நடந்த ஆண்டிறுதிப் போட்டியை பாபோஷ், செக் வீராங்கனை ஆந்த்ரேயா ஹ்லவாச்கோவாவுடன் வென்றார். 2018 ஜனவரியில் மெல்போர்னில் ஆஸ்திரேலிய ஓப்பன் பட்டத்தை பிரான்ஸின் கிறிஸ்டினா மிலாடெனோவிச்சுடன் வென்றார். 2018 ஜூலை 16 பட்டியலில் பாபோஷ் முதலிடத்துக்கு வந்தபோது, சிங்கப்பூர் புள்ளிகளும் மெல்போர்ன் புள்ளிகளும் அவர் கணக்கில் இருந்தன. சிங்கப்பூர் பட்டத்தில் மிலாடெனோவிச்சுக்குப் பங்கில்லை. அவர் முதலிடம் பெற்றது 2019 ஜூன் 10 அன்று, இருவரும் பாரிஸில் பிரெஞ்சு ஓப்பனை வென்ற பிறகு. இடையில் ஏறத்தாழ 11 மாதம்.

அந்த ஒரு வாக்கியம் இதையெல்லாம் அழித்துவிடுகிறது. ஹ்லவாச்கோவா காணாமல் போகிறார். 2019-க்கு வரும்போது "மீண்டும் முதலிடம்" என்று எழுத வேண்டியதாகிறது, மிலாடெனோவிச்சின் முதல் முதலிடம் இரண்டாவதாகிவிடுகிறது. தவறு அங்கேயும் நிற்காது. இருவருக்கும் பட்டக் கணக்கு ஒன்றே என்ற எண்ணம் வந்துவிடும். ஜோடியாக அவர்கள் வென்ற கிராண்ட்ஸ்லாம் நான்கு: ஆஸ்திரேலியா 2018, 2020, பிரெஞ்சு ஓப்பன் 2019, 2020. பாபோஷின் கணக்கு அந்த நான்கோடு சரி. மிலாடெனோவிச்சுக்கோ மகளிர் இரட்டையரில் கரோலின் கார்சியாவுடன் பாரிஸில் 2016, 2022 என இன்னும் இரண்டு உண்டு.

சரிபார்க்கும் வழி எளிது. பட்டியல் வெளியான தேதியைப் பாருங்கள், அதில் ஒற்றைப் பெயரைத் தேடுங்கள், பிறகு அதற்கு முந்தைய 52 வாரங்களில் அவர் யார் யாரோடு ஆடினார் என்று எழுதிக்கொள்ளுங்கள். 2024 ஜனவரியில் இந்தியாவின் ரோஹன் போபண்ணா 43 வயதில் முதலிடம் பிடித்தபோது, அவரோடு அந்த மெல்போர்ன் பட்டத்தை வென்ற மேத்யூ எப்டன் அதே பட்டியலில் முதலிடத்தில் இல்லை.

ஒற்றையரை வைத்து எடை போடுவது

"ஒற்றையரில் எடுபடாததால் இரட்டையருக்கு ஒதுங்கியவர்" என்ற வரி பாபோஷுக்குப் பொருந்தாது. 2012-இல் 18 வயதில் மான்டெர்ரேயில் ஒற்றையர் பட்டம், 2017-இல் சொந்த நாட்டில் புடாபெஸ்டில் இரண்டாவது. மூன்றாவதைக் கவனியுங்கள்: 2018-இல் மெல்போர்ன் இரட்டையர் பட்டம் வென்று, அந்தப் போட்டி முடிந்த அடுத்த வாரமே தைபேயில் ஒற்றையர் பட்டம். 2016 செப்டம்பரில் ஒற்றையர் தரவரிசையில் 25-ஆம் இடம் வரை போனவர். அவர் இரண்டையும் சேர்த்தே ஆடினார்.

ஜூனியர் பட்டங்களைக் கூட்டுவது

2010-இல் ஸ்லோன் ஸ்டீபன்ஸுடன் பிரெஞ்சு, விம்பிள்டன், அமெரிக்க ஓப்பன் சிறுமியர் இரட்டையர் பட்டங்களை வரிசையாக வென்றார். அதற்காக "ஏழு கிராண்ட்ஸ்லாம்" என்று எழுதக் கூடாது.

"மூன்றாவது செட்டை 11–9 என இழந்தார்"

2018 ஆஸ்திரேலிய ஓப்பன் கலப்பு இரட்டையர் இறுதியில் பாபோஷும் போபண்ணாவும் முதல் செட்டை 6–2 என வென்று, அடுத்ததை 4–6 என விட்டு, கடைசியில் 9–11 என டப்ரோவ்ஸ்கி – பாவிச் ஜோடியிடம் தோற்றார்கள். அந்த 9–11 கேம்களின் எண்ணிக்கை அல்ல. மூன்றாவது செட்டுக்குப் பதிலாக ஆடப்படும் சூப்பர் டைபிரேக்கின் புள்ளிகள்: பத்தைத் தொட வேண்டும், இரண்டு புள்ளி வித்தியாசமும் வேண்டும். சிங்கப்பூர் இறுதியில் பாபோஷ் – ஹ்லவாச்கோவா வென்ற 10–5 என்பதும் அதே வகை.

மகளிர் டென்னிஸ் அமைப்பான டபிள்யூ.டி.ஏ.வின் சாதாரணப் போட்டிகளின் இரட்டையரில் 40–40 (டியூஸ்) ஆனால் அடுத்த ஒரே புள்ளியில் கேம் முடிந்துவிடும். சர்வீஸை எந்தப் பக்கத்தில் வாங்குவது என்று எதிரணி முடிவு செய்யும். அங்கே போய் "நீண்ட டியூஸ் போராட்டம்" என்று வர்ணித்தால், ஆட்டத்தைப் பார்க்காமல் எழுதியது வெளிப்பட்டுவிடும். கிராண்ட்ஸ்லாம் மகளிர் இரட்டையரில் அட்வான்டேஜும் (40–40-க்குப் பிறகு இரண்டு புள்ளி முன்னிலை பெற்றால்தான் கேம்) உண்டு, முழு மூன்றாவது செட்டும் உண்டு. கலப்பு இரட்டையருக்குத் தரவரிசைப் புள்ளியே கிடையாது.

"ஹங்கேரியின் முதல் கிராண்ட்ஸ்லாம் சாம்பியன்"

இல்லை. யோஷெஃப் அஷ்போத் 1947-இலும் ஷுஷா கொர்மோட்சி 1958-இலும் பாரிஸில் ஒற்றையர் பட்டமே வென்றவர்கள். தரவரிசையில் முதலிடம் கண்ட முதல் ஹங்கேரியர் என்பதுதான் பாபோஷுக்கு உரியது.

மோனிகா செலஸ்

ஹங்கேரிய மொழி பேசும் குடும்பத்தில் பிறந்த டென்னிஸ் வீராங்கனை. ஆடியது யூகோஸ்லாவியாவுக்கும் பிறகு அமெரிக்காவுக்கும். அதனால் அவருடைய சாதனை ஹங்கேரியப் பட்டியலில் சேராது.

பெயர்

ஹங்கேரியில் குடும்பப் பெயர் முன்னால் வரும்: பாபோஷ் டீமேயா. அந்த மொழியில் தனி 'எஸ்' எழுத்துக்கு 'ஷ்' ஒலி. அதோடு 'இசட்' சேர்ந்தால்தான் 'ஸ்'. ஆங்கில வர்ணனையைக் கேட்டு 'பாபோஸ்' என்று எழுதிவிடுகிறார்கள்.

2020 அமெரிக்க ஓப்பன்: "இரண்டாம் சுற்றில் தோல்வி"

தோற்கவில்லை. அந்தப் போட்டிக்கான முதல் தரநிலை (சீடிங்) ஜோடியாக இருந்த பாபோஷையும் மிலாடெனோவிச்சையும், கொரோனா தொற்றாளருடன் மிலாடெனோவிச்சுக்கு இருந்த தொடர்பைக் காரணம் காட்டி, தனிமைப்படுத்தல் உத்தரவால் வெளியேற்றினார்கள். ஆடாமல் விட்ட ஆட்டம் 'வாக்ஓவர்'. வெற்றி தோல்விக் கணக்கில் அது சேராது. அதே ஆண்டு அக்டோபரில் பாரிஸில் இருவரும் 6–4, 7–5 என இறுதியை வென்றார்கள்.